எல்டன் ரிங்கில் கூட்டாளி கிடைக்கவில்லையா? அறிகுறியை வைத்துக் கோளாறைக் கண்டுபிடிக்கும் வழி

எல்டன் ரிங் என்ற வீடியோ கேம் 2022 பிப்ரவரி 25 அன்று வெளியானது. அன்றிலிருந்து எங்கள் குழுவில் யாராவது ஒருவர், "சைன் ஒன்றுகூடத் தெரியவில்லை, ஆட்களே இல்லை போலிருக்கிறது" என்று கூப்பிட்டுக்கொண்டேதான் இருக்கிறார்கள். பிளேஸ்டேஷன், எக்ஸ்பாக்ஸ், பிசி என்று மூன்றிலும் இதைத் திரும்பத் திரும்பச் சரிசெய்து பார்த்ததில் எனக்கு ஒன்று உறுதியாகிவிட்டது. ஆட்கள் இருக்கிறார்கள். நாமும் அவர்களும் ஒரே இடத்தில், ஏறத்தாழ ஒரே பலத்தில் சந்திக்க முடியாதபடி ஏதோ ஒன்று குறுக்கே நிற்கிறது. பெரும்பாலும் அது காசு செலவில்லாமல் தீரக்கூடிய ஒன்று. அதனால் ரவுட்டரைத் தொடுவதற்கு முன்னால், இணைய நிறுவனத்துக்கு போன் போடுவதற்கு முன்னால், கீழே உள்ள வரிசையில் போய்ப் பாருங்கள்.

நான்கு சொற்களை மட்டும் முதலில் சொல்லிவிடுகிறேன். யாருடைய உலகத்தில் ஆட்டம் நடக்கிறதோ அவர் ஹோஸ்ட். உதவிக்குப் போகிறவர் விருந்தாளி. விருந்தாளி தரையில் எழுதிவைக்கும் பொன்னிற அடையாளம் சைன். பாஸ் எனும் பெரிய எதிரியோடு சண்டை நடக்கும் இடங்களுக்கு அருகே நிற்கும் சிறிய சிலைதான் சம்மனிங் பூல். தூரத்திலிருந்து அனுப்பும் சைன்கள் அங்கேதான் வந்து சேரும்.

## எல்லாவற்றுக்கும் முன்: தரையைப் பாருங்கள்

ஆட்டத்தைத் திறந்து, ஆட்கள் நிறைய நடமாடும் ஒரு கிரேஸுக்கு (உட்கார்ந்து இளைப்பாறும் பொன்னொளி இடம்) போங்கள். ஆரம்பத்தில் வரும் ஃபர்ஸ்ட் ஸ்டெப் கிரேஸே போதும். தரையில் மற்றவர்கள் எழுதிய செய்திகள் தெரிகின்றனவா? ரத்தக்கறைகள் இருக்கின்றனவா? வெள்ளை நிழலாக யாராவது ஓடி மறைகிறார்களா?

இவற்றில் ஒன்றுகூட இல்லை என்றால் நீங்கள் ஆஃப்லைனில் இருக்கிறீர்கள். அறிகுறி 1-க்குப் போங்கள். செய்திகள் தெரிகின்றன என்றால் இணைய இணைப்பு வேலை செய்கிறது. அறிகுறி 1-ஐ விட்டுவிட்டு, உங்கள் நிலைமைக்குப் பொருந்துவதைப் படியுங்கள். இந்த ஒரு நிமிடச் சோதனையைச் செய்யாமல் ரவுட்டரைக் கழற்றி மாட்டிக்கொண்டு ஒரு முழு ஞாயிற்றுக்கிழமையைத் தொலைத்தவர்களை எனக்குத் தெரியும்.

## அறிகுறி 1: செய்தியும் இல்லை, ரத்தக்கறையும் இல்லை

முதல் காரணம், ஆட்டம் ஆஃப்லைனில் தொடங்கும்படி வைக்கப்பட்டிருப்பது. சிஸ்டம் மெனுவில் நெட்வொர்க் பகுதிக்குப் போய், தொடக்க அமைப்பு "ஆன்லைன்" என்று இருக்கிறதா பாருங்கள். மாற்றியதும் டைட்டில் திரைக்குப் போய் மறுபடி உள்ளே வர வேண்டும்.

அமைப்பு சரியாக இருந்தும் ஒன்றும் தெரியவில்லையா? கன்சோலை முழுவதும் அணைக்காமல் உறக்க நிலையில் போட்டு எடுத்தீர்களா என்று யோசியுங்கள். அப்படிச் செய்தால் இணைப்பு அறுந்துபோயிருக்கும். ஆட்டத்தை மூடிவிட்டு மறுபடி திறந்தால் போதும்.

அப்புறம் சந்தா. பிளேஸ்டேஷனிலும் எக்ஸ்பாக்ஸிலும் கூட்டாக ஆட மாதச் சந்தா வேண்டும். கார்டு மாற்றியவர்களுக்குத் தானாகப் புதுப்பிக்கும் வசதி நின்றுபோய், சந்தா முடிந்ததே தெரியாமல் இருக்கும். பிசியில் இந்தச் செலவு கிடையாது.

பிசியில் மட்டும் வருகிற ஒரு தொல்லை உண்டு. தொடங்கும்போதே "முறையற்ற செயல்பாடு கண்டறியப்பட்டது, ஆன்லைனில் தொடங்க முடியாது" என்ற பொருளில் ஒரு ஆங்கிலச் செய்தி வரும். ஈஸி ஆன்டி-சீட் என்ற காவல் நிரல் ஓடவில்லை, அல்லது ஆட்டத்தின் ஃபைல்களில் ஏதோ மாறியிருக்கிறது என்று அர்த்தம். இந்த வரிசையில் செய்யுங்கள்:

- ஸ்டீம் வழியாகத்தான் ஆட்டத்தைத் திறக்கிறீர்களா என்று பாருங்கள். ஃபோல்டருக்குள் போய் நேராக எக்ஸிஇ ஃபைலைத் திறந்தால் காவல் நிரல் ஓடாது.
- மோட் (ஆட்டத்தை மாற்ற வெளியார் செய்த சேர்க்கை) ஏதாவது போட்டிருந்தால் அந்த ஃபைல்களை நீங்களே கையால் எடுத்துவிடுங்கள். ஸ்டீமின் சரிபார்ப்பு கெட்டுப்போன ஃபைல்களைத்தான் மாற்றும். புதிதாக வந்து உட்கார்ந்திருக்கும் ஃபைல்களை அது தொடாது. பலர் தடுமாறுவது இங்கேதான்.
- அதன்பின் ஸ்டீமில் ஆட்டத்தின் மேல் வலது கிளிக் செய்து, பிராபர்ட்டீஸ், இன்ஸ்டால்டு ஃபைல்ஸ் என்று போய்ச் சரிபார்ப்பை ஓடவிடுங்கள்.
- அப்போதும் வந்தால், ஆட்டத்தின் ஃபோல்டரில் ஈஸி ஆன்டி-சீட் ஃபோல்டருக்குள் இருக்கும் நிறுவு நிரலை ஒருமுறை ஓட்டுங்கள்.

இத்தனைக்குப் பிறகும் இல்லை என்றால் சர்வர் பராமரிப்பு நேரமாக இருக்கலாம். எல்டன் ரிங்கின் அதிகாரப்பூர்வ எக்ஸ் கணக்கில் அறிவித்திருப்பார்கள். ஒரு மணி நேரம் பொறுத்துப் பாருங்கள்.

## அறிகுறி 2: ஆன்லைனில்தான் இருக்கிறேன், ஆனால் ஒரு சைன்கூடத் தெரியவில்லை

நான் அதிகம் கேட்கும் புகார் இதுதான். ஹோஸ்டாக இருப்பவர்களுக்கு வருவது. ஒவ்வொன்றாகத் தள்ளிக்கொண்டே போக வேண்டும்.

மருந்தைப் பயன்படுத்தினீர்களா? ஃபர்ல்காலிங் ஃபிங்கர் ரெமடி என்ற பொருளைப் பயன்படுத்தினால்தான் சைன்கள் கண்ணில் படும். இரண்டு எர்ட்லீஃப் பூக்களைச் சேர்த்து அதை நாமே செய்துகொள்ளலாம். அதற்குக் கிராஃப்டிங் கிட் வேண்டும். எல்லே தேவாலயத்தில் உட்கார்ந்திருக்கும் வியாபாரி காலேயிடம் 300 ரூனுக்கு (ஆட்டத்தின் நாணயம்) கிடைக்கும். பயன்படுத்திய பின் திரையின் ஓரத்தில் அதற்கான சின்னம் தெரிகிறதா பாருங்கள். செத்துப் பிழைத்து வந்தபின் பழைய மருந்தையே நம்பிக்கொண்டு நிற்காதீர்கள். சின்னம் இல்லை என்றால் மறுபடி போடுங்கள்.

பழைய பாஸ்வேர்டு உள்ளே கிடக்கிறதா? இதைக் கொஞ்சம் அழுத்திச் சொல்கிறேன். நண்பனோடு ஆட என்றைக்கோ போட்ட மல்டிபிளேயர் பாஸ்வேர்டு அழியாமல் அப்படியே இருக்கும். அது இருக்கும்வரை, அதே பாஸ்வேர்டு உள்ளவர்களின் சைன் மட்டும்தான் உங்களுக்குத் தெரியும். உலகத்தில் மற்ற எல்லோரும் மறைந்துபோவார்கள். எனக்கே இது நடந்தது. மூன்று நாள் இணைய இணைப்பைச் சந்தேகப்பட்டுக்கொண்டிருந்தேன். கடைசியில் மல்டிபிளேயர் மெனுவுக்குள் உள்ள செட்டிங்ஸைத் திறந்தால், இரண்டு மாதம் முன்பு என் தம்பியோடு ஆடப் போட்ட சொல் அங்கே உட்கார்ந்திருந்தது. அதை அழித்த பத்தாவது நொடி நான்கு சைன்கள் தெரிந்தன. இப்போது யார் கூப்பிட்டாலும் நான் கேட்கும் முதல் கேள்வியே இதுதான்.

அந்த இடத்தின் பாஸ் ஏற்கெனவே செத்துவிட்டதா? கோட்டை, குகை, நிலவறை போன்ற மூடிய இடங்களில், அதன் முதன்மை பாஸை வென்றபின் கூட்டாளியை அழைக்க முடியாது. ஸ்டார்ம்வெயில் கோட்டையில் காட்ரிக்கை வீழ்த்திவிட்டு, விட்டுப்போன அறைகளைச் சுற்றிப்பார்க்க நண்பனைக் கூப்பிட நினைத்தால் நடக்காது. திறந்தவெளியில் இந்தக் கட்டுப்பாடு இவ்வளவு கடுமையில்லை. ரவுண்ட்டேபிள் ஹோல்டில் எப்போதுமே கூட்டாட்டம் கிடையாது.

பூல் சிலையைத் தொட்டீர்களா? பக்கத்தில் உள்ள சிலையை ஒருமுறை தொட்டு உயிர்ப்பித்தால்தான் அங்கே அனுப்பப்படும் சைன்கள் உங்களுக்குத் தெரியும். பாஸ் கதவை நோக்கி ஓடும் அவசரத்தில் பலர் சிலையைத் தாண்டிப் போய்விடுகிறார்கள். சிலையைத் தொட்டாயிற்று, இருந்தும் இல்லை என்றால் மேப்பைத் திறந்து பாருங்கள். 2024 ஜூனில், ஷேடோ ஆஃப் தி எர்ட்ட்ரீ விரிவாக்கத்தை ஒட்டி வந்த 1.12 அப்டேட்டிலிருந்து, ஒவ்வொரு பூலையும் மேப்பிலேயே தனித்தனியாக அணைக்கவும் உயிர்ப்பிக்கவும் முடியும். தெரியாமல் அணைத்துவைத்திருக்கலாம்.

வெளிநாட்டு ஆட்களோடு சேர்க்கும் அமைப்பு திறந்திருக்கிறதா? சிஸ்டம் மெனுவின் நெட்வொர்க் பகுதியில் கிராஸ்-ரீஜன் பிளே என்று ஒன்று இருக்கும். இந்தியாவிலிருந்தோ இலங்கையிலிருந்தோ ஆடுகிறவர்கள் இதை மூடிவைத்தால் ஆட்கள் மிகவும் குறைந்துவிடுவார்கள். லேக் (இணையத் தாமதம்) வரும் என்று பயந்து மூடிவைத்தவர்கள் உண்டு. பாஸ் சண்டையில் கூட்டாளியின் லேக் அவ்வளவாகத் தொல்லை தராது. திறந்துவிடுங்கள்.

இத்தனையும் சரி, இருந்தும் காலியா? அப்படியென்றால் பலக் கணக்கைப் பார்க்க வேண்டும். இது கொஞ்சம் விரிவான விஷயம்.

### பலக் கணக்கு: லெவலும் ஆயுதமும்

ஆட்டம் இரண்டு எண்களை வைத்து ஆட்களைச் சேர்க்கிறது. ஒன்று, உங்கள் லெவல். அதிலிருந்து மேலும் கீழும் ஏறத்தாழ 10 சதவீதமும் அதற்கு மேல் சில லெவல்களும்தான் எல்லை. 60-வது லெவலில் இருப்பவருக்கு 50-களின் தொடக்கத்திலிருந்து 60-களின் கடைசி வரை உள்ளவர்கள் கிடைப்பார்கள்.

இரண்டாவது எண்ணைத்தான் யாரும் கவனிப்பதில்லை. ஆயுதத்தை எவ்வளவு தூரம் மேம்படுத்தியிருக்கிறீர்கள் என்பது. கையில் இப்போது வைத்திருக்கும் ஆயுதத்தை வைத்து இது கணக்கிடப்படுவதில்லை. இந்தக் கதாபாத்திரம் இதுவரை வைத்திருந்ததிலேயே உச்சத்தில் இருந்த ஆயுதம்தான் கணக்கு. அதை விற்றாலும், பெட்டியில் போட்டாலும், கீழே எறிந்தாலும் அந்தப் பதிவு போகாது. சாதாரண ஆயுதங்கள் +25 வரையும், சோம்பர் கல் கேட்கும் சிறப்பு ஆயுதங்கள் +10 வரையும் போகும். இரண்டு உச்சமும் ஆட்டத்தின் கணக்கில் ஒன்றுதான். அதாவது சிறப்பு ஆயுதத்தின் ஒவ்வொரு படியும் சாதாரணத்தின் இரண்டரைப் படிக்குச் சமம்.

இதனால் என்ன ஆகிறது? என் அத்தை மகன் 40-வது லெவலில் இருந்தபோது, சோம்பர் கற்களைத் தேடித்தேடிப் பொறுக்கி ஒரு வாளை +9-க்குக் கொண்டுபோய்விட்டான். அந்த லெவலில் ஆடும் மற்றவர்களின் ஆயுதமெல்லாம் +3, +4-ல் நிற்கும். அவனுக்குச் சைன் தெரியுமா? தெரியவே தெரியாது. இதைத் திருப்பிப் போட வழியில்லை. லெவலை ஆயுதத்துக்கு ஏற்ற உயரத்துக்கு ஏற்றுவது ஒன்றுதான் தீர்வு. சுமார் 100-ஐத் தொட்டதும் அவனுக்கு ஆட்கள் கிடைக்கத் தொடங்கினார்கள். புதிதாகத் தொடங்குபவருக்கு ஆசையாக மேம்படுத்திய ஆயுதத்தைக் கையில் கொடுக்கும் அண்ணன்மார்களும் இதை நினைவில் வைக்க வேண்டும். அந்தப் பரிசு அவருடைய கூட்டாளிகளைப் பறித்துவிடும்.

லெவல் மிகவும் ஏறிப்போனாலும் இதே கதிதான். கடைசிக் கட்டத்துக்கு வந்தவர்களில் நிறையப் பேர் 125-க்கும் 150-க்கும் நடுவே நிறுத்திவிடுகிறார்கள். 713 வரை ஏற்ற முடியும் என்றாலும், 200-ஐத் தாண்டிவிட்டால் காத்திருப்பு நீண்டுகொண்டே போகும். பாஸ்களைப் பொறுத்தவரை, மார்கிட்டுக்கு முன்னால் 20 முதல் 40, ரடானுக்கு 60 முதல் 90, மலேனியாவுக்கு 130-ஐ ஒட்டி என்று இருந்தால் எனக்கு ஆட்கள் விரைவாகக் கிடைத்திருக்கிறார்கள்.

### எல்லாம் சரி, நேரம்தான் தப்பு

சைன் தெரியாததற்குக் கடைசிக் காரணம் இது. நம் மாலை 5 மணிக்கு ஜப்பானில் இரவு 8:30. அப்போது அங்கே வீடு திரும்பி விளையாட உட்காரும் நேரம். நம் நள்ளிரவு 12 மணி, குளிர்காலத்தில் ஜெர்மனி, பிரான்ஸ் பக்கம் மாலை 7:30. ஞாயிறு காலை 6 மணிக்கு எழுந்தால் அமெரிக்கக் கிழக்குக் கரையில் சனி இரவு. நடுமதியம் 12 மணிக்கு ஒரு சிறு குகையின் பாஸுக்கு ஆள் தேடுவது எந்தப் பருவத்திலும் கஷ்டம்தான். புகழ்பெற்ற பாஸ் என்றால் எப்போதும் யாராவது இருப்பார்கள்.

## அறிகுறி 3: சைன் போட்டுவிட்டுக் காத்திருக்கிறேன், யாரும் அழைப்பதில்லை

விருந்தாளியாகப் போக விரும்புபவர்களுக்கு இது. உங்களிடம் இரண்டு கருவிகள் உண்டு. டார்னிஷ்ட்ஸ் ஃபர்ல்டு ஃபிங்கர் என்ற விரல், நீங்கள் நிற்கும் அதே இடத்தில் சைனை எழுதும். ஸ்மால் கோல்டன் எஃபிஜி என்ற பொன் பொம்மை, சைனைப் பூல்களுக்கு அனுப்பும்.

விரலைப் பயன்படுத்தினால் இடம்தான் எல்லாம். கிரேஸிலிருந்து பாஸ் கதவுக்குப் போகும் வழியில், கதவுக்குக் கொஞ்சம் முன்னால் எழுதுங்கள். மூலையில், படிக்கட்டுக்குப் பின்னால் எழுதினால் யார் கண்ணிலும் படாது. எழுதிவிட்டு வேறு கிரேஸுக்குத் தாவினால் அந்தச் சைன் போய்விடும்.

பொம்மையைப் பயன்படுத்தினால், 1.06 அப்டேட்டுக்குப் பிறகு தொலைதூரப் பூல்கள் பலவற்றுக்கும் ஒரே சமயத்தில் அனுப்பலாம். ஆனால் நீங்கள் உயிர்ப்பித்த பூல்களுக்கு மட்டும்தான் போகும். என் அனுபவத்தில் உதவிக்குப் போவதற்குப் பொம்மைதான் நல்லது. அனுப்பிவிட்டு நம் வேலையைப் பார்த்துக்கொண்டிருக்கலாம். குறிப்பிட்ட ஒரு பாஸுக்குத்தான் போக வேண்டும் என்றால் விரல்.

இரண்டையும் முயன்றும் அழைப்பு வரவில்லை என்றால், மேலே சொன்ன பாஸ்வேர்டு, பலக் கணக்கு இரண்டையும் உங்கள் பக்கமும் பாருங்கள். அவை விருந்தாளிக்கும் அப்படியே பொருந்தும்.

## அறிகுறி 4: நண்பனும் நானும் பாஸ்வேர்டு போட்டுவிட்டோம், இருந்தும் ஒருவரை ஒருவர் பார்க்க முடியவில்லை

இரண்டு பேரும் போனில் பேசிக்கொண்டே இந்த வரிசையில் போங்கள். நடுவில் தாவாதீர்கள்.

ஒரே வகைக் கருவியா? பிஎஸ்4-உம் பிஎஸ்5-உம் சேர்ந்து ஆடலாம். எக்ஸ்பாக்ஸ் ஒன்னும் சீரீஸ் எக்ஸ், எஸ் கருவிகளும் சேர்ந்து ஆடலாம். பிசியும் பிளேஸ்டேஷனும் சேராது, எக்ஸ்பாக்ஸும் மற்ற இரண்டோடு சேராது. இங்கே இல்லை என்று வந்தால் மேலே படிக்க வேண்டியதில்லை. யாராவது ஒருவர் அடுத்தவரின் கருவியில் ஆட்டத்தை மறுபடி வாங்கினால் மட்டுமே வழி. வாங்குவதற்கு முன்னால் இதைத் தெரிந்துகொண்டால் ஒரு பெரிய தொகை மிஞ்சும்.

யார் மருந்து, யார் சைன்? இரண்டு பேருமே மருந்தைப் போட்டுக்கொண்டு நிற்பது, அல்லது இரண்டு பேருமே சைன் எழுதிவிட்டு நிற்பது, புதியவர்களிடம் நான் அடிக்கடி பார்ப்பது. யாருடைய உலகத்தில் ஆடப்போகிறீர்கள் என்று முதலில் முடிவுசெய்யுங்கள். அவர் மருந்து போட வேண்டும். மற்றவர் சைன் எழுத வேண்டும்.

சரியான பெட்டியிலா? செட்டிங்ஸில் இரண்டு வகைச் சொற்களுக்கு இடம் உண்டு. மல்டிபிளேயர் பாஸ்வேர்டு ஒன்று, குரூப் பாஸ்வேர்டு ஐந்து வரை. நண்பனோடு ஆட முதலாவதுதான் வேண்டும். குரூப் பாஸ்வேர்டு, அதே குழுவினரின் சைனுக்கு முன்னுரிமை தரும், அவ்வளவுதான். லெவல் கட்டுப்பாட்டை அது தளர்த்தாது. மல்டிபிளேயர் பாஸ்வேர்டு அந்தக் கட்டுப்பாட்டைத் தூக்கிவிடும். பலமான விருந்தாளி வந்தால் அவருடைய பலத்தை ஹோஸ்டின் அளவுக்கு இறக்கிவிடும். 150-வது லெவல் அண்ணன் 15-வது லெவல் தம்பியின் உலகத்துக்கு வரலாம். ஆனால் ஒரே அடியில் எல்லாம் சாகாது.

எழுத்துக்கு எழுத்து ஒன்றா? பெரிய எழுத்து, சிறிய எழுத்து, கடைசியில் தெரியாமல் விழுந்த ஒரு இடைவெளி எல்லாம் பிரச்சினை செய்யும். இரண்டு பேரும் அழித்துவிட்டு, நான்கு எண்கள் மட்டும் போட்டுப் பாருங்கள்.

ஒரே இடத்திலா, கதையின் ஒரே கட்டத்திலா? விருந்தாளி அந்த இடத்துக்குத் தானே போகக்கூடியவராக இருக்க வேண்டும். ஹாலிக்ட்ரீயில் உதவி கேட்டால், உதவுபவரும் ஹாலிக்ட்ரீ வரை வந்திருக்க வேண்டும். இதில் பலரும் விழும் குழி ஒன்று உண்டு. லேண்டெல் தலைநகரம். ஃபாரும் அஸுலாவில் மாலிகெத்தை வென்றபின் தலைநகரம் சாம்பல் மூடிய வேறொரு நகரமாகிவிடும். அதற்குப் பிறகு பழைய தலைநகரத்துக்குள் நீங்கள் போக முடியாது, அதனால் அங்கே சைன் எழுதவும் முடியாது. ஆட்டத்தை முடித்த அண்ணன், பழைய தலைநகரத்தில் தவிக்கும் தம்பிக்கு அதே கதாபாத்திரத்தோடு உதவ முடியாமல் போவது இதனால்தான். வேறொரு கதாபாத்திரத்தைத் தலைநகரம் எரியாத கட்டத்தில் வைத்திருப்பதுதான் இதற்கு வழி. நான் அப்படி ஒன்றை உதவிக்கென்றே வைத்திருக்கிறேன்.

ஒரே பதிப்பா? டைட்டில் திரையின் கீழ்ப்பக்கம் பதிப்பு எண் இருக்கும். இருவரும் வாசித்துக்காட்டுங்கள். விரிவாக்கத்தின் நிலப்பகுதியில் ஆட இரண்டு பேரிடமும் அந்த விரிவாக்கம் இருக்க வேண்டும். அங்கே நுழையவே ரடானையும் மோகையும் வென்றிருக்க வேண்டும் என்பதால், விருந்தாளி அதையும் முடித்திருக்க வேண்டும்.

ஒருவர் மோட் வழியாக வந்தாரா? பிசியில் சீம்லெஸ் கோ-ஆப் என்ற மோட் புகழ்பெற்றது. அதில் குதிரை உண்டு, பாஸ் செத்தபின் பிரிந்துபோக வேண்டியதில்லை. ஆனால் அது அதிகாரப்பூர்வ சர்வர் வழியாகப் போவதில்லை, சேவ் ஃபைலும் தனி. ஒருவர் மோட் வழியாகவும் மற்றவர் சாதாரணமாகவும் திறந்தால் எத்தனை மணி நேரம் தேடினாலும் சந்திக்க முடியாது. இருவரும் அதே மோடின் அதே பதிப்பைப் போட வேண்டும், அல்லது இருவரும் சாதாரணமாகத் திறக்க வேண்டும்.

எல்லாம் ஒத்துப்போகிறது, இருந்தும் இல்லை என்றால் இருவரும் டைட்டில் திரைக்குப் போய்த் திரும்பி வாருங்கள். விருந்தாளி சைனை அழித்து, இரண்டடி தள்ளி மறுபடி எழுதட்டும். இதற்கு ஏன் பலன் கிடைக்கிறது என்று என்னைக் கேட்காதீர்கள், கிடைக்கிறது.

## அறிகுறி 5: சைன் தெரிகிறது, தொட்டால் "அழைக்க முடியவில்லை" என்று வருகிறது

யாரென்று தெரியாத ஒருவரின் சைனா? அப்படியானால் கவலை வேண்டாம். ஒரே சைனைப் பல ஹோஸ்ட்கள் பார்க்கிறார்கள். முந்திக்கொண்டவருக்கு அவர் கிடைத்துவிட்டார். மலேனியா கதவுக்கு முன்னால் ஐந்தாறு முறை தோற்பது சாதாரணம். வேறு சைனைத் தொடுங்கள்.

பாஸ்வேர்டு போட்ட நண்பனின் சைனும் தொடர்ந்து தோற்கிறதா? அங்கே போட்டிக்கு வேறு ஆள் கிடையாது. அதனால் இப்போதுதான் இணைய இணைப்பைச் சந்தேகப்படும் நேரம். எளிதிலிருந்து தொடங்குவோம்.

விபிஎன் ஓடினால் நிறுத்துங்கள். ரவுட்டரை அணைத்து இரண்டு நிமிடம் கழித்துப் போடுங்கள். முடிந்தால் வைஃபையை விட்டு கேபிளில் இணையுங்கள். ரவுட்டரின் அமைப்பில் யுபிஎன்பி (ஆட்டத்துக்கு வேண்டிய வழியை ரவுட்டர் தானே திறக்கும் வசதி) என்பது இயங்குகிறதா பாருங்கள்.

அடுத்து நாட் வகை, அதாவது வெளியிலிருந்து வரும் இணைப்புகளை உங்கள் வலையமைப்பு எவ்வளவு தாராளமாக உள்ளே விடுகிறது என்பது. பிஎஸ்5-இல் நெட்வொர்க் அமைப்புக்குள் இணைப்புச் சோதனையை ஓடவிட்டால் அது தெரியும். வகை 2 என்றால் போதும். வகை 3 என்றால் அதுதான் கோளாறு. எக்ஸ்பாக்ஸில் அதே சோதனை "ஸ்ட்ரிக்ட்" என்று காட்டினால் அதே அர்த்தம். ஒருவரின் நாட் கெட்டிருந்தாலும் போதும், அழைப்பு தோற்கும். அதனால் இருவரும் சோதியுங்கள்.

வகை 3 வந்தால், வீட்டில் இரண்டு ரவுட்டர்கள் ஒன்றன்பின் ஒன்றாக இருக்கின்றனவா? நிறுவனம் கொடுத்த பெட்டியும், நீங்கள் வாங்கிய ரவுட்டரும் இரண்டுமே தனித்தனி வலையமைப்பை உருவாக்கினால் இந்த நிலை வரும். நிறுவனத்தின் பெட்டியில் கன்சோலை நேராக இணைத்துப் பாருங்கள். சரியானால், அந்தப் பெட்டியை பிரிட்ஜ் முறைக்கு (தனி வலையமைப்பை உருவாக்காமல் இணைப்பை அப்படியே கடத்தும் முறை) மாற்றினால் போதும்.

ஒரே பெட்டிதான், இருந்தும் வகை 3 என்றால், ரவுட்டரின் அமைப்புப் பக்கத்தில் வேன் ஐபி (இணைய நிறுவனம் ரவுட்டருக்குத் தந்த முகவரி) என்ன என்று பாருங்கள். என் ஐபி என்ன என்று காட்டும் ஏதாவது ஒரு தளத்தில் தெரியும் எண்ணோடு அதை ஒப்பிடுங்கள். இரண்டும் வேறாக இருந்தால், அல்லது வேன் ஐபி 100.64-க்கும் 100.127-க்கும் இடையில் தொடங்கினால், உங்கள் நிறுவனம் பல வீடுகளை ஒரே முகவரிக்குப் பின்னால் வைத்திருக்கிறது. இதை சிஜிநாட் என்பார்கள். மொபைல் ஹாட்ஸ்பாட்டில் ஆடுகிறவர்களுக்கும் இதே கதை நிறைய வரும். உங்கள் ரவுட்டரில் எதை மாற்றினாலும் இது தீராது.

## அறிகுறி 6: கூட்டாளி வருகிறார், பாதியில் மறைந்துவிடுகிறார்

கோளாறா, விதியா என்று முதலில் பிரித்துப் பாருங்கள். பாஸ் செத்தால் கூட்டாளி தன் உலகத்துக்குத் திரும்புவது விதி. ஹோஸ்ட் செத்தாலும் அப்படித்தான். திறந்தவெளியில் கூட்டாளியோடு நடக்கும்போது குகை, நிலவறை வாசல்களில் பொன்னிறப் பனித்திரை அடைத்து நிற்பதும் விதிதான். உள்ளே போக வேண்டும் என்றால் பிரிந்து, உள்ளே போய், மறுபடி அழைக்க வேண்டும்.

அதையும் தாண்டி, சண்டை நடுவே "இணைப்புப் பிழை" என்று வந்து போகிறதா? எப்போதும் ஒரே ஆளுக்குத்தான் நடக்கிறதா என்று பாருங்கள். அவர் வைஃபையை விட்டு கேபிளுக்கு வரட்டும். வீட்டில் வேறு யாராவது பெரிய டவுன்லோடு ஓட்டினால் நிறுத்திப் பாருங்கள். இருவருக்குமே, எல்லாக் கூட்டாளிகளோடும் இப்படியா? அறிகுறி 5-இல் உள்ள நாட் சோதனைக்குப் போங்கள்.

கூட்டாளி மறையவில்லை, சீக்கிரம் செத்துப்போகிறார் என்றால் அது கோளாறில்லை. விருந்தாளிக்குக் குடுவைகள் பாதிதான் கிடைக்கும், கூட்டாளி சேரச்சேர பாஸின் உயிரும் கூடும். ஸ்பிரிட் ஆஷும் (நாம் அழைக்கும் ஆவித் துணை) டோரண்ட் குதிரையும் கிடையாது.

## எப்போது யாரைக் கூப்பிடுவது

சிஜிநாட் உறுதியானால் உங்கள் இணைய நிறுவனத்தைக் கூப்பிடுங்கள். "நெட் ஸ்லோ" என்று சொன்னால் வேகச் சோதனை நடத்திவிட்டு எல்லாம் நன்றாக இருக்கிறது என்று வைத்துவிடுவார்கள். எனக்கு அப்படித்தான் இரண்டு முறை நடந்தது. "எனக்குப் பப்ளிக் ஐபி வேண்டும், நான் இப்போது சிஜிநாட்டுக்குப் பின்னால் இருக்கிறேன்" என்று நேராகச் சொல்லுங்கள். தருவார்களா, மாதம் எவ்வளவு, ஸ்டாடிக் ஐபி மட்டும்தான் உண்டா என்று மூன்றையும் கேளுங்கள். பணம் கட்டுவதற்கு முன்னால் ஒரு நாள் வேறொரு நண்பர் வீட்டு இணைப்பில் உங்கள் கன்சோலை வைத்து ஆடிப் பாருங்கள். அங்கே சரியாக வேலை செய்தால்தான் இந்தச் செலவு உங்களுக்குப் பயன்படும்.

கணக்கே முடக்கப்பட்டதாகச் செய்தி வந்தால், ஆட்டத்தை வெளியிடும் பண்டாய் நாம்கோவின் உதவிப் பிரிவுக்கு எழுதுங்கள். ஏமாற்று நிரல் பயன்படுத்தாதவர்களுக்கும் இது நேர்ந்திருக்கிறது. ஆட்டத்தில் முறையாகக் கிடைக்காத பொருளை வேறொருவர் கீழே போட, தெரியாமல் எடுத்தவர்கள் சிக்கினார்கள். அதனால் அந்நியர் போடும் புரியாத பொருளை எடுக்காதீர்கள்.

உதவிப் பிரிவுக்கு எழுதும்போது இவற்றைச் சேர்த்து அனுப்பினால் ஒரே பதிலில் விஷயம் நகரும்: கருவியின் வகை, டைட்டில் திரையில் உள்ள பதிப்பு எண், பிழைச் செய்தியின் படம், பிழை வந்த தேதியும் நேரமும், அது எந்த நாட்டு நேரம் என்பது, நாட் வகை, எந்த கிரேஸுக்கு அருகே நின்றீர்கள் என்பது, மேலே உள்ளவற்றில் எதையெல்லாம் செய்து பார்த்துவிட்டீர்கள் என்பது.